முதலில் திறக்க வேண்டிய ஃபைல்

முரளி, இந்தப் பென்டிரைவை உன் லேப்டாப்பில் செருகியதும் நாலு ஃபைல் தெரியும். மூன்று உனக்கு வேண்டியவை. நாலாவது இந்தக் கடிதம், நீ கேட்காதது. இதைப் படித்துவிட்டு மற்றதைத் திற. இதை மட்டும் போனில் அனுப்பியிருக்கலாம்தான். அனுப்பினால் ஆபீஸில் உட்கார்ந்து பாதி படித்துவிட்டு, மீதியை அப்புறம் பார்க்கலாம் என்று மூடிவைப்பாய். அதனால்தான் இன்று சாயங்கால பஸ்ஸில் பார்சலாகப் போட்டுவிடுகிறேன். வெள்ளிக்கிழமை நீ உன் மேனேஜருக்குப் பதில் சொல்ல வேண்டும் என்றாய். அதற்கு முன் இது உன் கைக்கு வந்துவிட வேண்டும் என்ற ஒரே கவலையில் மத்தியானச் சோற்றைக்கூட மூடிவைத்துவிட்டு டைப் அடிக்கிறேன். நீ சாப்பிட்டாயா?

ஞாயிற்றுக்கிழமை போனில் நீ இரண்டு விஷயம் சொன்னாய். ஒன்று, பில்லிங் செக்‌ஷனிலிருந்து உன்னை சிஸ்டம் பராமரிக்கும் பக்கம் மாற்றிக்கொள்ளக் கேட்கிறார்கள், மூன்று மாதம் பயிற்சி தருவார்கள், நீ வேண்டாம் என்று சொல்லப்போகிறாய். ஏன் என்று கேட்டதற்கு, "எனக்கு மெஷின் ராசி இல்லம்மா, வுடு" என்று சிரித்தாய். இரண்டாவது, ரூம்மேட்டோடு சேர்ந்து லேப்டாப்பில் எமுலேட்டர் போட்டிருக்கிறாய், பழைய கேம் பெட்டியைப் போலவே நடந்துகொள்ளும் புரோகிராம் அது, நம் வீட்டு டிஸ்க்குகள் இருந்தால் நாம் ஆடிய ஆட்டத்தையே அதில் ஆடலாம் என்றாய். எல்லாம் போட்டும் அது ஓடவில்லை, பயாஸ் ஃபைல் இல்லை என்று சொல்லி நின்றுவிடுகிறது என்றாய். "அது நம்ம பெட்டிக்குள்ளயே இருந்திருக்கும்மா. பெட்டி இருந்திருந்தா அதுலேர்ந்தே எடுத்திருக்கலாம். நான்தான் எரிச்சிட்டனே."

நீ சாதாரணமாகத்தான் சொன்னாய், அப்புறம் மழை வருகிறதா என்று கேட்டாய். நான் வருகிறது என்றேன். இங்கே அன்று மழையே இல்லை.

ஆறு வருஷமாகியும் அந்த வாக்கியம் உன் வாயிலிருந்து அப்படியே வந்ததே, அதனால்தான் இந்தக் கடிதம். பெட்டியை நீ எரிக்கவில்லை. அது எரியவே இல்லை. எரிந்ததுபோல நான்தான் செய்தேன். எப்படி என்று சொல்கிறேன், பொறுமையாகப் படி.

அந்தப் பெட்டி நம் வீட்டுக்கு வந்ததே உன் கையால்தான். ஆறாம் வகுப்பில் நீ ரயில்வே கேட்டுப் பக்கம் சைக்கிளோடு விழுந்தாய். இடது முழங்கைக்குக் கீழே இரண்டு எலும்பும் போனது. புத்தூருக்குக் கொண்டுபோய்க் கட்டுப் போட்டோம். பச்சிலைச் சாறும் முட்டை வெள்ளைக் கருவும் தோய்த்த துணி, மேலே மூங்கில் பட்டை. ஆறு வாரம் கையை அசைக்கக் கூடாது என்றார்கள். நீ ஆறு நிமிஷம் அசையாமல் இருக்கிற பிள்ளையா? நான் காலேஜ் முடித்த கையோடு உன்னைப் பெற்றவள், இருபது வயசு. புத்தகம் படித்துப் பிள்ளை வளர்க்கலாம் என்று நினைத்துக்கொண்டிருந்தவள். உன் கை கோணலாகச் சேர்ந்துவிடும் என்ற பயத்தில் எனக்குத் தூக்கமே இல்லை. அப்போதுதான் உன் மாமா சென்னையிலிருந்து வந்து, தான் ஆடி முடித்துவிட்ட அந்தக் கறுப்புப் பெட்டியை டிவியோடு மாட்டிக் கொடுத்துவிட்டுப் போனான். "பையன் ஒரே இடத்துல குந்திக்கினு இருப்பான்க்கா, பாரு" என்றான்.

ஆனால் அந்த ரிமோட்டுக்கு இரண்டு கை வேண்டும். இடது கை கட்டைவிரலால் நடக்க வைக்க வேண்டும், வலது கையால் குதிக்க வைக்க வேண்டும். உனக்கு இருந்தது ஒரு கை. நீ என்னைத்தான் இழுத்து உட்கார வைத்தாய். ரிமோட்டின் வலது பாதி உன் கையில், இடது பாதி என் கையில். தீவு தீவாகத் தாண்டிப் போகும் அந்த ஆட்டத்துச் சிவப்புத் துண்டுக்காரனுக்கு நடப்பது நான், குதிப்பது நீ.

"மா, பள்ளம்! பள்ளம்! தூக்கு!"

"தூக்குறது உன் கைடா. என் கை நடக்க மட்டுந்தான்."

"அப்ப நில்லும்மா! ஏன் நடந்துக்கினே போற?"

அதற்குள் அவன் கடலில் விழுந்திருப்பான். நாம் இரண்டு பேரும் ஒன்றாக "கோயிந்தா!" என்று கத்துவோம். பின்னால் தறிக்கொட்டகையிலிருந்து உங்கள் நைனா, அத்தனை பவர்லூம் சத்தத்தையும் மீறி, "இன்னாடா, ஆத்தாளும் புள்ளையும் திருமலைக்கே பூட்டீங்களா?" என்பார். கட்டுப் பிரிக்கும்போது நாம் பாலத் தீவு வரை வந்திருந்தோம். பலகை பலகையாக உடைந்து விழும் அந்தப் பாலத்தை மட்டும் தாண்டவே முடியவில்லை. கட்டுப் பிரித்துக் கை நேராக இருப்பதைப் பார்த்துப் புத்தூரிலேயே அழுதேன். மறுநாள் நீ ரிமோட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, "நான் பாத்துக்கறேம்மா, நீ போ" என்றாய். சரியாகத்தான் சொன்னாய். நான் எழுந்து சமையலறைக்குப் போனேன். அதன்பிறகு அந்த ஆட்டம் எனக்குப் பிடிக்காமல் போய்விட்டது. கண்ணுக்குக் கெடுதல், படிப்புக்குக் கெடுதல் என்று அதற்குக் காரணமும் கிடைத்தது. காரணங்கள் பொய் இல்லை. ஆனால் அவை மட்டுமே காரணம் என்று நான் எனக்குச் சொல்லிக்கொண்டேன் பார், அதுதான் பொய்.

நீ பத்தாவது வந்தபோது என் பயம் பெரிதாகிவிட்டது. அரையாண்டில் கணக்கில் மார்க் குறைந்தது. ஒரு நாள் காலையில் நம் ஊர் நகரி முழுக்கக் கரண்ட் போய், திரும்பி வந்தபோது ஒரேயடியாக அதிகமாக வந்தது. பக்கத்து வீட்டு மிக்ஸி போனது. நம் கொட்டகையில் உங்கள் நைனா பாட்டுக் கேட்கும் டேப் ரெக்கார்டர் புகைந்து, அதன் வயர் உருகி நாற்றமெடுத்தது. நீ அதற்கு முன்பே பள்ளிக்கூடம் போயிருந்தாய். அவர் பாவு நூல் வாங்கப் போயிருந்தார். நான் அந்தக் கருகிய வயரைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். டேப் ரெக்கார்டருக்கும் உன் கேம் பெட்டிக்கும் ஒரே மாதிரி வயர்தான் என்று எனக்குத் தெரியும். கொட்டகையில் ஒரு தறிக்கு ஒன்று போனால் இன்னொன்றிலிருந்து கழற்றி மாட்டுவதைத் தினமும் பார்க்கிற வீடு நம்முடையது. உன் பெட்டியின் நல்ல வயரை உருவிப் பீரோவில் என் கல்யாணப் புடவைக்கு அடியில் வைத்தேன். கருகிய வயரைப் பெட்டியில் மாட்டினேன். ஐந்து நிமிஷ வேலை. பரீட்சை முடிந்ததும் நல்ல வயரை மாட்டி, சரியாகிவிட்டது என்று சொல்லிவிடலாம் என்பதுதான் திட்டம்.

கரண்ட் கொண்டுபோய்விட்டது என்று நான் சொல்வேன், நீ கரண்ட் ஆபீஸைத் திட்டுவாய், அவ்வளவுதான் என்று நினைத்திருந்தேன். நீ வந்தாய், ஸ்விட்சைப் போட்டாய், லைட் எரியவில்லை. வயரை முகர்ந்து பார்த்தாய். நான் வாய் திறக்கும் முன்னே நீயே, "மா, நான் காலைல ஆஃப் பண்ணாம பூட்டன் போலக்குது, நீதான் அப்பறம் பாத்து அமுத்தியிருப்பே" என்றாய். அந்த இடத்தில் நான் ஒரே ஒரு வார்த்தை சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. நீயே எடுத்துக்கொண்டது எனக்கு வசதியாக இருந்தது.

தறி ஓடும் வீட்டில் அது எவ்வளவு பெரிய குற்றம் என்று வெளியூர்க்காரர்களுக்குப் புரியாது. கரண்ட் போனால் முதலில் எல்லா ஸ்விட்சையும் அணைக்க வேண்டும், வீட்டை விட்டுக் கிளம்பினாலும் அணைக்க வேண்டும். வருகிற கரண்ட் எப்படி வரும் என்று யாருக்கும் தெரியாது, மோட்டார் போனால் பிழைப்பு போகும். நம் தெருவில் பிள்ளைகளுக்கு அ, ஆவுக்கு முன்னால் இதைத்தான் சொல்லித் தருகிறோம். அன்று இரவுச் சாப்பாட்டின்போது உங்கள் நைனா, "தறிக்கொட்டாயில பொறந்துட்டு ஸ்விட்சு அமுத்தத் தெரியலியாடா உனுக்கு? இன்னிமே கொட்டாய் போர்டு பக்கம் கை வெச்சே, ஒடச்சிடுவன்" என்றார். நீ தட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாய். நான் குழம்பு ஊற்றிக்கொண்டிருந்தேன்.

பரீட்சை முடிந்தபோது நல்ல வயரை எடுத்து மாட்ட எனக்குத் தைரியம் வரவில்லை. மாட்டினால் பெட்டி ஓடும், ஓடினால் நீ கேள்வி கேட்பாய். பழைய இரும்புக்காரனுக்குப் போட்டுவிட்டேன் என்று சொல்லிவிட்டு, துணியில் சுற்றிப் பரணில் தள்ளினேன். அந்தக் கோடையில் பாலிடெக்னிக் நுழைவுத் தேர்வில் உனக்கு எலக்ட்ரிக்கல் பிரிவில் இடம் கிடைத்தது. அதுவரை வீட்டில் எது கெட்டாலும் திருப்புளியோடு நிற்கிற பிள்ளை, "எனக்குக் கரண்ட் வேலை சரிவராதும்மா" என்று சொல்லிக் காமர்ஸ் எடுத்தாய். அப்புறம் புத்தூர் காலேஜில் பி.காம். நான் படித்த படிப்பு. அதற்காக நான் சந்தோஷம்கூடப் பட்டேன், முரளி. இதை எழுதத்தான் கஷ்டமாக இருக்கிறது. வயரை மாற்றியதைவிட இதை.

சரி, இந்த வாரம் நடந்தது. நீ போன் வைத்ததும் கம்ப்யூட்டரில் உட்கார்ந்து தேடினேன். ஊருக்கெல்லாம் ஆன்லைன் விண்ணப்பம் போட்டுக்கொடுக்கிறவள், இது தெரியாதா? பயாஸ் என்பது பெட்டி கண் விழித்ததும் முதலில் ஓடும் சின்னப் புரோகிராம், அது அந்தப் பெட்டிக்குள்ளேயே எழுதி வைத்திருக்கும், நம் பெட்டியிலிருந்து நாமே எடுத்துக்கொள்வதுதான் முறை என்று தெரிந்தது. எடுக்க வேறொரு மெமரி கார்டும் கொஞ்சம் கைப்பழக்கமும் வேண்டும். நகரியில் இரண்டு மொபைல் கடைக்காரர்கள் கையை விரித்தார்கள். திருப்பதியில் பஸ் நிலையத்துக்குப் பின்னால் சைலஜா என்று ஒரு பெண் பழைய டிவி, கேம் பெட்டி எல்லாம் பார்க்கிறாள் என்று ஒருவர் சொன்னார். உங்கள் நைனாவிடம், பெட்டியை நான் இரும்புக்குப் போடவில்லை, மனசு வராமல் பரணில் வைத்திருந்தேன், எரிந்த பெட்டியிலிருந்துகூட அந்த ஃபைலை எடுக்கலாமாம் என்றேன். பாதி உண்மை. அவர் கொட்டகையை ஒருநாள் நிறுத்திவிட்டு, "புள்ள கேட்டான்னா எடுத்துக்கினு போலாம்" என்று பெட்டியைத் தானே தூக்கிக்கொண்டார். நல்ல வயர் என் கைப்பையில் இருந்தது. அவர் டீ குடிக்கப் போகும்போது மாட்டிவிடச் சொல்லலாம் என்று கணக்கு. பார், இன்னும் நான் திருந்தவில்லை.

அவர் டீ குடிக்கப் போகவில்லை. கடையிலேயே நின்றார். சைலஜாவுக்கு உன்னைவிட நாலைந்து வயசு அதிகம் இருக்கலாம். பெட்டியைத் திறந்தாள், டார்ச் அடித்து ஒவ்வொரு மூலையாகப் பார்த்தாள், மீட்டரை வைத்தாள்.

"ஏம் காலேது அக்கா. பெட்டிக்கு ஒண்ணுமே ஆவல. ஒரு பியூஸ்கூட போவல. வயர் மட்டுந்தான் செத்துப் போயிருக்கு." அவளே யோசித்துவிட்டு, "வயர் இப்டி உருகியிருக்கு, உள்ள ஒரு கறுப்புகூட இல்லியே, எப்டி?" என்றாள்.

உங்கள் நைனா அந்த வயரைக் கையில் வாங்கினார். பிளக் பக்கத்தில் பச்சை நூல் இரண்டு சுற்றுச் சுற்றி முடிச்சுப் போட்டிருந்தது. இழை அறுந்தால் தறிக்காரர்கள் போடும் முடிச்சு. வயர் தளர்ந்து வெளியே வராமலிருக்க அவரே ஒரு காலத்தில் கட்டியது. நான் அதைக் கவனித்ததே இல்லை.

"இது டேப் ரெக்கார்டர் வயராச்சே," என்றார். என்னைப் பார்த்தார். நான் கைப்பையைத் திறந்து நல்ல வயரை மேஜைமேல் வைத்தேன்.

சைலஜா இரண்டு பேர் முகத்தையும் பார்த்துவிட்டு, கெட்டிக்காரி, ஒன்றும் கேட்காமல் வயரை மாட்டினாள். பச்சை லைட் எரிந்தது. அவளுக்குள் என்ன ஓடியதோ, தனக்கே சொல்லிக்கொள்வதுபோல, "நான் எப்பவும் மொதல்ல வயரைப் பாப்பேன் அண்ணா. அப்புறம் பிளக். பெட்டியைக் கடைசிலதான் தொறப்பேன். நெறைய பேரு மொதல்லயே பெட்டி போச்சுன்னு முடிவு பண்ணிடறாங்க" என்றாள். பயாஸை எடுத்து பென்டிரைவில் போட்டாள். உன் பழைய மெமரி கார்டிலிருந்த, ஆட்டத்தில் எதுவரை வந்தோம் என்று பதிந்திருக்கும் சேவ் ஃபைலையும் எடுத்தாள். டிஸ்க்கை என் கண் முன்னால் ஒரு தடவை காப்பி செய்து காட்டி, மீதியை வீட்டிலேயே செய்துகொள்ளச் சொன்னாள். "எந்த ஆட்டம்க்கா?" என்று கேட்டாள். பாலத் தீவு என்றேன். "அய்யோ, அந்தப் பாலம்!" என்று தலையில் அடித்துக்கொண்டாள்.

திரும்பும் பஸ்ஸில் உங்கள் நைனா என் பக்கத்தில் உட்கார்ந்தார். பெட்டி அவர் மடியில் இருந்தது. புத்தூரில் எப்போதும்போல ஒரு குடும்பம் புதுக் கட்டோடு ஒரு பையனைக் கூட்டிக்கொண்டு ஏறியது. இவர் எழுந்து இடம் கொடுத்தார். நின்றபடியே குனிந்து என்னிடம் சொன்னார்: "இன்னாமே, அத்தினி பேச்சு பேசினேனே நான் அவன. நீ சோறு போட்டுக்கினு நின்னியே." நான் ஆமாம் என்றேன். பிறகு, "நீயே அவங்கிட்ட சொல்லு. நான் சொன்னா சண்டையாப் பூடும்" என்றார். நகரியில் இறங்கும்போதும் பெட்டியை என்னிடம் தரவில்லை, தானே வைத்துக்கொண்டார்.

இப்போது வேலையைப் பார்ப்போம். பயாஸ் என்று பெயரிட்டதை எமுலேட்டருக்குள் இருக்கும் அதே பெயர் ஃபோல்டரில் போடு. புரோகிராமை மூடித் திறந்தால் பட்டியலில் அது தெரியும், தேர்ந்தெடு. டிஸ்க் ஃபைல் பெரியது, பென்டிரைவிலிருந்தே ஓட்டாதே, லேப்டாப்பில் காப்பி செய்துகொள். சேவ் ஃபைலை மெமரி கார்டு என்ற இடத்தில், முதல் ஸ்லாட்டில் வை. இரண்டாவதில் வைத்தால் ஆட்டம் அதைப் பார்க்காது, நான் அரை மணி நேரம் அதில்தான் முழித்தேன். படம் விட்டுவிட்டு வந்தால் பட அளவைக் குறைத்துக்கொள், உன் லேப்டாப் பழசு. சூடானால் நிறுத்து. சார்ஜரை ஈரக் கையோடு தொடாதே.

பொத்தான்களைக் கடைசியாக நீயே ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொடுக்க வேண்டும். எமுலேட்டருக்கு எது நடப்பது, எது குதிப்பது என்று தெரியாது. நம் வீட்டுக் கம்ப்யூட்டரிலும் போட்டுப் பார்த்தேன். கீபோர்டில் இடது பக்கத்து எழுத்துகளை நடக்கவும், வலது பக்கத்தைக் குதிக்கவும் வைத்தேன். நாம் சேர்ந்து ஆடியபோது போட்ட சேவ் அப்படியே திறந்தது, நீ அதை அழிக்கவே இல்லை. சிவப்புத் துண்டுக்காரன் பாலத்துக்கு முன்னால் நிற்கிறான். எனக்கு இன்னும் நன்றாக நடக்க வருகிறது. என் இடது கை ஒன்றையும் மறக்கவில்லை. வலது கைக்குத்தான் ஒன்றும் தெரியவில்லை, மூன்றாவது பலகையிலேயே விழுகிறேன். விழும்போது தனியாகக் கத்த வெட்கமாக இருந்தது.

புதன்கிழமை, இன்று காலை, கொட்டகை மெயின் போர்டில் ஒரு ஸ்விட்ச் தீப்பொறி விடுகிறது, எலக்ட்ரீசியனைக் கூப்பிடட்டுமா என்று கேட்டேன். "தீவாளிக்கு வர்றான்ல, வந்து அவன் பாக்கட்டும். அதுவரிக்கும் அந்தத் தறிய நிறுத்தி வெச்சிக்கலாம்" என்றார் உங்கள் நைனா. ஒரு தறி நிற்கிறது, முரளி. நம் வீட்டில் தறி சும்மா நின்று நீ பார்த்திருக்கிறாயா?

உன் மேனேஜரிடம் நீ என்ன வேண்டுமானாலும் சொல். பில்லிங்தான் பிடித்திருக்கிறது என்று சொல், மூன்று மாதம் படிக்கப் பொறுமை இல்லை என்று சொல், நான் ஒன்றும் கேட்க மாட்டேன். ராசி இல்லை என்று மட்டும் சொல்லாதே. அந்தக் காரணத்தைச் செய்தவள் நான். சைலஜா சொன்னதையே உனக்கும் சொல்கிறேன்: ஏதாவது ஓடவில்லை என்றால் முதலில் வயரைப் பார், அப்புறம் பிளக்கைப் பார், கடைசியாக உன்னைப் பார். நீ எப்போதும் உன்னிடமிருந்தே ஆரம்பிக்கிறாய். அதுவும் அன்றைக்குப் பழகியதுதான்.

இன்னும் ஒன்று இருக்கிறது. நைனாவிடம்கூட இன்னும் சொல்லவில்லை, உனக்குத்தான் முதலில். அன்று காலை நான் அந்த வயரை மாற்றப் போனபோது சுவரில் இருந்த ஸ்விட்சைப் பார்த்தேன். அது அணைத்திருந்தது. பெட்டியின் பின்னால் இருக்கும் சின்ன ஸ்விட்ச், அதுவும் அணைத்திருந்தது. ரிமோட்டின் வயரைச் சுருட்டி, பெட்டியின் மேல் துணி போட்டு மூடியிருந்தாய். நீ எல்லாவற்றையும் அணைத்துவிட்டுத்தான் பள்ளிக்கூடம் போயிருந்தாய்.